நீதிமன்ற நகலை விரைவாக எடுத்துத் தருவதாகச் சொல்பவர்களிடம் ஏமாறாதீர்கள்

டெல்டா மாவட்டங்களில் வாய்க்கால், வரப்பு, பாகப்பிரிவினை என்று உரிமையியல் வழக்கு நடத்தும் அனைவரின் கவனத்துக்கும் இதை எழுதுகிறேன். எங்கள் வயலுக்குத் தண்ணீர் பாயும் கன்னி வாய்க்காலை எதிர்த்தரப்பு அடைக்கக் கூடாது என்று என் சித்தப்பா தொடுத்திருந்த நிரந்தர உறுத்துக்கட்டளை (தடையாணை) வழக்கு முன்சீப் நீதிமன்றத்தில் தள்ளுபடியானது. மேட்டூர் அணை வழக்கமாகத் திறக்கப்படும் ஜூன் 12 நெருங்கிக்கொண்டிருந்ததால், மேல்முறையீட்டுக்குத் தீர்ப்பு, தீர்ப்பாணை (தீர்ப்பின் முடிவை முறைப்படி எழுதிய ஆணை, அதாவது டிகிரி) இரண்டின் சான்றிட்ட நகலும் அவசரமாகத் தேவைப்பட்டன.

முத்திரைத்தாள் விற்கும் இடத்தருகே நின்ற ஒருவர், “ஐயா, உள்ளே நமக்கு ஆள் இருக்கு, அர்ஜென்ட் காப்பி ரெண்டே நாள்ல வந்துடும்” என்று சொல்லி மூவாயிரம் ரூபாய் வாங்கிக்கொண்டு, துண்டுச் சீட்டில் ஓர் எண்ணை எழுதிக் கொடுத்தார். அதன்பின் டைப் ஆகிறது, கையெழுத்துக்குப் போயிருக்கிறது என்று நாளைக் கடத்தி, கடைசியில் ஊதா மையில் ‘உண்மை நகல்’ என்று முத்திரை குத்திய தாள்களைத் தந்தார். எங்கள் வழக்கறிஞர் அதை வாங்கியதும் முதலில் திருப்பியது கடைசிப் பக்கத்தைத்தான். நகல் மனு கொடுத்த நாள், கட்டணம் கேட்கப்பட்ட நாள், கட்டிய நாள், நகல் தயாரான நாள் என்று அங்கே இருக்க வேண்டிய எதுவும் இல்லை. நீதிமன்றங்களின் இணையதளமான இ-கோர்ட்ஸ் தளத்தில் யாரும் இலவசமாக எடுக்கக்கூடிய தீர்ப்பை அச்சிட்டு முத்திரை குத்தியிருக்கிறார். சீட்டில் இருந்த எண்ணோ வேறு யாரோ கொடுத்த நகல் மனுவின் எண்.

பணம் போனதைவிட நாள் போனதுதான் பெரிய இழப்பு. மாவட்ட அளவிலான நீதிமன்றங்களில் மேல்முறையீட்டுக்கு 30 நாள்தான் அவகாசம். 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 12ஆவது பிரிவு நகல் பெற ஆகும் காலத்தைக் கழித்துத் தருகிறது என்றாலும், நகல் மனு கொடுத்தால்தான் அந்தக் கழிவு கிடைக்கும். மனுவே போடாமல் காத்திருந்த நாள்கள் அத்தனையும் நம் கணக்கில் ஏறிவிடும். தீர்ப்பாணை இன்னும் எழுதப்படவில்லையே என்று மனுவைத் தள்ளிப்போட்டாலும் இதே கதிதான்.

ஆகவே தீர்ப்புச் சொன்ன உடனேயே வழக்கறிஞர் மூலமோ நேரிலோ நகல் பிரிவில் மனுக் கொடுத்து, அதன் எண்ணைக் கேட்டு வாங்குங்கள். அவசரம் என்றால், தண்ணீர் திறப்பு, இடிப்பு நோட்டீஸ் போன்ற காரணத்தைத் தேதியுடன் எழுதி, விரைந்து வழங்கும்படி அங்கேயே கேளுங்கள். பிறகு அறிவிப்புப் பலகையை அடிக்கடி பாருங்கள். அதில் கேட்ட கட்டணத்தை உரிய நாளுக்குள் கட்டாவிட்டால் மனு தள்ளுபடியாகிவிடும். தீர்ப்பாணை 15 நாளுக்குள் தயாராக முயல வேண்டும் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டமே சொல்வதால், அதற்கு மேலும் தாமதமானால் எழுத்தில் முறையிட உங்களுக்கு முழு உரிமை உண்டு.

சித்தப்பா இப்போது புதிதாக மனுப் போட்டு நகல் வாங்கி, தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவுடன் மேல்முறையீட்டைத் தாக்கல் செய்திருக்கிறார். அந்தப் போலித் தாள்களையும் துண்டுச் சீட்டையும் இணைத்து மாவட்ட நீதிபதிக்குப் புகாரும் அனுப்பியிருக்கிறோம். வழக்கறிஞர் வைக்க வசதியில்லாதவர்கள் 15100 என்ற இலவச சட்ட உதவி எண்ணை அழைக்கலாம், அல்லது நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் குழு அலுவலகத்தில் நேரடியாகக் கேட்கலாம்.