தி.நகரா, மேற்கு மாம்பலமா?

சென்னையின் இந்த இரண்டு பகுதிகளுக்கும் நடுவில் ஓடுவது ஒரே ரயில் பாதைதான். இரு பக்கமும் இரண்டு ஊர். கிழக்கே தி.நகர், 1920களில் நீதிக்கட்சி ஆட்சியில் ஏரியைத் தூர்த்துத் திட்டம் போட்டுக் கட்டியது. ‘தி.’ குறிக்கும் நீதிக்கட்சித் தலைவர் பிட்டி தியாகராயர் பெயரும் பனகல் பூங்காவும் அந்தக் காலத்துக்கே நம்மைக் கூட்டிப்போகும். இன்றோ, தீபாவளிக்கு முந்தைய ஞாயிறன்று ரங்கநாதன் தெருவில் நாம் நடக்க வேண்டியதே இல்லை. கூட்டமே தள்ளிக்கொண்டு போய்விடும்.

மேற்கே தெருக்கள் குறுகல், வீடுகள் நெருக்கம். ஆனால் தூர்ந்துபோன ஏரி, லேக் வியூ சாலை என்ற பெயரில் அங்கேதான் மிச்சமிருக்கிறது. அயோத்தியா மண்டபத்தில் உபன்யாசம், தெருமுனையில் கீரைக்கட்டும் வாழைப்பூவும்.

பட்டுப்புடவை எடுக்கக் கிழக்கே போவேன். குடியிருக்க மேற்குதான், மழையில் முழங்கால் தண்ணீரில் நடந்த பிறகும் அதையேதான் சொல்வேன்.