கண்ணாடி டைல்ஸ் ஒட்டப் போகிறீர்களா? 23,400 ரூபாயைப் பறிகொடுத்துவிட்டு எழுதுகிறேன்

இன்று காலை அம்மா காலில் கண்ணாடிச் சில்லு ஏறிவிட்டது. நான்கு தடவை பெருக்கித் துடைத்த சமையலறையில்! ரத்தத்தைத் துடைத்துக் கட்டுப் போட்டுவிட்டு, ஆட்டோவுக்குச் சொல்லிவிட்டு, அந்தக் கோபத்தோடுதான் இதை எழுதுகிறேன்.

அம்மாவுக்கு இரண்டு கண்ணிலும் புரை. அடுப்பு மேடைக்கு மேலே உள்ள சுவர் பளிச்சென்று இருந்தால் அவருக்குச் சுலபமாக இருக்குமே என்று கடல்பச்சை நிறத்தில் கண்ணாடி டைல்ஸ் எடுத்தேன். நாலுக்குப் பன்னிரண்டு அங்குலம், எட்டு எம்எம் கனம். ஒன்று 160 ரூபாய் வீதம் 90 டைல்ஸுக்கு 14,400. கம், இடுக்கை அடைக்கும் கிரவுட் இரண்டுக்கும் 3,000. ஒட்டுகிறவருக்கு முன்பணம் 6,000. ஆக 23,400 ரூபாய். சீட்டுப் பணம் அது.

கடை திருச்சியில் உள்ள ஒரு பெரிய டைல்ஸ் ஷோரூம். பெயர் வேண்டாம். "அண்ணே, இது கண்ணாடி. சாதாரண மேஸ்திரி வெட்டுவாரா?" என்று நேராகவே கேட்டேன். "நம்ம ஆளு இருக்காரு மேடம், கண்ணாடி வேலை அவருக்குத் தண்ணி பட்ட பாடு" என்று கல்லாவில் இருந்தவர் அங்கேயே ஒருவரைக் கூப்பிட்டார். வந்தவர் ஒரு டைல்ஸை எடுத்து டியூப்லைட்டுக்கு நேராகப் பிடித்துப் பார்த்தார். பின்பக்கம் திருப்பி, கட்டைவிரலால் தடவி, "அக்கா, இந்தப் பின்னாடி பெயின்ட்தான் இதுக்கு உயிரு. இது உரியாம வெட்டணும்" என்றார். அந்த ஒரு வார்த்தையில் நம்பிவிட்டேன். விஷயம் தெரிந்தவர்தானே இப்படிப் பேசுவார்? 6,000 ரூபாயைக் கல்லாவிலேயே எண்ணி வைத்தேன். அந்தப் பணத்துக்குப் பில் கேட்டதற்கு விசிட்டிங் கார்டின் பின்னால் எழுதிக் கொடுத்தார்கள்.

மறுநாள் அவர் கொண்டுவந்தது கிரானைட் அறுக்கிற கை கட்டிங் மெஷின். அதில் விளிம்பில் இடைவெளி விட்ட பிளேடு. தண்ணீர் வேண்டாமா என்றேன். "ஷாக் அடிக்கும்க்கா" என்று சொல்லிவிட்டு அப்படியே அறுத்தார். பெயின்ட் கருகும் வாடை வீடு முழுக்க. வெட்டிய விளிம்பு எலி கடித்தது போல இருந்தது. எந்தப் பெயின்ட்டை உயிர் என்றாரோ அது சூட்டில் வெங்காயத் தோல் மாதிரி உரிந்து வந்தது. சுவிட்ச் பாக்ஸுக்காக 'எல்' வடிவில் வெட்டிய ஒவ்வொன்றிலும் மூலையிலிருந்து தலைமுடி போல ஒரு விரிசல் ஓடியது. மதியத்துக்குள் 31 டைல்ஸ் போச்சு. ஒட்டியவற்றிலோ சாம்பல் நிறக் கம்மும் கரண்டி இழுத்த கோடுகளும் கண்ணாடி வழியே அப்படியே தெரிகின்றன. மூன்று மணிக்கு டீ குடிக்கப் போனவர் திரும்பி வரவே இல்லை. போன் சுவிட்ச் ஆஃப்.

கடைக்குப் போன் செய்தேன். முதல் நாள், "முதலாளி வெளியூர் மேடம்." இரண்டாம் நாள், "கண்ணாடின்னா உடையத்தானே செய்யும்." மூன்றாம் நாள் நேரில் போனேன். "ஒட்டுறது எங்க பொறுப்பு இல்ல, பில்லுல பாருங்க." உங்கள் கல்லாவில்தானே 6,000 கொடுத்தேன் என்றால், "அது உங்களுக்கும் அவருக்கும்." கடைசியில் அவர்கள் சொன்னதுதான் வயிற்றெரிச்சல்: "உடைஞ்ச 31 மட்டும் வாங்கிக்கங்க, 4,960 தான் வரும்." 23,400 ரூபாயை விழுங்கிவிட்டு இன்னும் 4,960 கேட்கிறார்கள்!

எதிர்வீட்டு வேலைக்கு வந்த ஒரு பெரியவர் வந்து பார்த்தார். கண்ணாடிக்கென்றே வரும், விளிம்பு தொடர்ச்சியாக உள்ள டைமண்ட் பிளேடு வேண்டுமாம். தண்ணீர் விழுந்துகொண்டே இருக்கிற மேஜை மெஷினில் மெதுவாகத் தள்ள வேண்டுமாம். 'எல்' வெட்டுக்கு முதலில் மூலையில் டைமண்ட் பிட்டால் துளை போட்டுவிட்டு, அந்தத் துளை வரைக்கும்தான் வெட்ட வேண்டுமாம். இதில் ஒன்றுகூட என் வீட்டில் நடக்கவில்லை.

விரிவாக எழுதத்தான் உட்கார்ந்தேன், ஆட்டோ வந்துகொண்டிருக்கிறது. அவசரமாகச் சொல்கிறேன். வேலைக்கு வருகிறவரின் மெஷினையும் பிளேடையும் முதலில் பாருங்கள். இரண்டு டைல்ஸை உங்கள் கண் முன்னால் வெட்டிக் காட்டச் சொல்லுங்கள், அப்புறம் முன்பணம். கண்ணாடிக்கு வெள்ளைக் கம்தான், கோடு தெரியாமல் மட்டமாகத் தேய்க்க வேண்டும். டஃபன்ட் கண்ணாடி (சூடாக்கி உறுதியேற்றியது) என்றால் வெட்டவே முடியாது, நொறுங்கிவிடும், வாங்கும்போதே கேளுங்கள். கடை ஆள் என்றால் கூலியும் கடை பில்லில் வர வேண்டும்.

தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் பதிந்திருக்கிறேன். 5 லட்சம் வரைக்கும் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் கட்டணம் கிடையாது, அங்கேயும் போவேன். உடைந்த டைல்ஸ் எல்லாம் ஒரு சாக்கில் கட்டி வைத்திருக்கிறேன். 6,000 என்று அவர்கள் கையெழுத்தில் இருக்கும் அந்த விசிட்டிங் கார்டும் பத்திரமாக இருக்கிறது. ஆட்டோ வந்துவிட்டது, அம்மாவுக்கு டிடி ஊசி போட்டுவிட்டு வந்து உங்கள் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறேன்.