டீப் பர்ப்பிள் எல்பி வாங்கும்போது பாடகர் பெயரைப் பாருங்கள்

கிருஷ்ணகிரியிலிருந்து 90 கிலோமீட்டரில் பெங்களூரு. அங்குள்ள பழைய ரெக்கார்டு கடைகளில் பிரிட்டிஷ் ராக் குழுவான டீப் பர்ப்பிளின் எல்பி இசைத்தட்டு கண்ணில் பட்டால் உறையைத் திருப்பி, பாடியது யார் என்று பாருங்கள். 1968 முதல் 1974 வரை பிளாக்மோரின் கிதார், ஜான் லார்டின் ஆர்கன், இயன் பெய்ஸின் டிரம்ஸ் மூன்றும் மாறவில்லை. ஆனால் பாடகர் மாறிய ஒவ்வொரு முறையும் இசையே வேறாகிவிட்டது.

ராட் எவன்ஸ் பாடிய முதல் மூன்று ஆல்பங்கள் (1968, 69) மென்மையானவை, சேகரிப்பவர்களுக்குப் போதும்.

1970இல் வந்த 'இன் ராக்'கில்தான் இயன் கில்லனின் உச்சக்குரலுக்குக் கிதாரும் ஆர்கனும் ஈடுகொடுத்து மோதத் தொடங்கின. இதைப் பழைய தட்டாக வாங்கினால் முதல் பக்கத்தின் கடைசி மூன்று நிமிடத்தைக் கடையிலேயே போட்டுக் கேளுங்கள். பத்து நிமிடத்துக்கும் மேல் ஓடும் 'சைல்ட் இன் டைம்' முடிகிற இடம் அது. தட்டின் உள்வட்டத்தில் ஒரு சுற்றின் நீளம் குறைவு என்பதால் உச்ச ஒலிகள் நெருக்கமாகப் பதிந்திருக்கும். தேய்ந்த ஊசியில் பலமுறை ஓடிய தட்டென்றால் கில்லனின் அலறல் அங்கே கரகரக்கும். கழுவினாலும் போகாது, வாங்காதீர்கள்.

முதல்முறை வாங்குவோருக்கு 'மெஷின் ஹெட்' (1972). அதே ஆண்டு ஒசாகா, டோக்கியோ மேடைகளில் பதிவான 'மேட் இன் ஜப்பான்' இரட்டைத் தட்டு. உறைக்குள் இரண்டும் இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

1973இல் கில்லன் விலகியதும் பலர் கேட்பதை நிறுத்திவிடுகிறார்கள். பெரிய இழப்பு! 'பர்ன்' (1974) அருமையான ஆல்பம். டேவிட் கவர்டேலின் அடர்ந்த கீழ்க்குரலும் பாஸ் வாசித்த கிளென் ஹியூஸின் மேல்குரலும் மாறிமாறி வரும்போது புளூஸ் வாசனை ஏறுகிறது. அடுத்த 'ஸ்டார்ம்பிரிங்கர்' ஃபங்க் என்னும் துள்ளல் தாள இசையின் பக்கம் சாய்ந்தது. அது பிடிக்காமல் பிளாக்மோர் 1975இல் வெளியேறினார்.

கில்லன் திரும்பிய 'பர்ஃபெக்ட் ஸ்ட்ரேஞ்சர்ஸ்' (1984) தயங்காமல் எடுக்கலாம். ஜோ லின் டர்னர் பாடிய ஒரே ஆல்பமான 'ஸ்லேவ்ஸ் அண்ட் மாஸ்டர்ஸ்' (1990) வேண்டாம். அவர் முன்பு பாடிய, பிளாக்மோரின் ரெயின்போ குழுவின் சாயலே அதில் அதிகம்.

ஏப்ரல், மே வெயிலில் தட்டுகளைக் கார் டிக்கியில் வைத்தால் வளைந்துவிடும். இருக்கையில் நிமிர்த்தி வைத்துக் கொண்டுவாருங்கள். டர்ன்டேபிளுக்கு அடியில் போட நம்மூர் கிரானைட் பட்டறையில் கழித்த கனமான துண்டே போதும். கல்லுக்குக் கீழே நான்கு மூலையிலும் தடித்த ரப்பர் வைக்க மறக்காதீர்கள். வெறும் கல் அதிர்வை அப்படியே ஊசிக்குக் கடத்தும்.