எவிக்‌ஷன் ஆர்டர் கையில இருக்குன்னு நம்பி உட்கார்ந்திருக்கறவங்க தயவுசெஞ்சு படிங்க

புரசைவாக்கத்துல எங்களுக்கு ஒரு பழைய வீடு, மாடில நாங்க, கீழ் போர்ஷன் வாடகைக்கு. அப்பா போன பிறகு கீழ இருந்தவர் 14 மாசம் வாடகையே தரல. அம்மா தனி ஆளா அலைஞ்சு, ஹைகோர்ட் வளாகத்துக்குள்ள இருக்கற ஸ்மால் காஸஸ் கோர்ட்ல ஆர்.சி.ஓ.பி. (வாடகைக் கட்டுப்பாட்டு மனு) போட்டு, 2010ல காலி பண்ணச் சொல்லி ஆர்டர் வாங்கினாங்க. அவர் அப்பீல் போனார், 2012 செப்டம்பர்ல அதுவும் தள்ளுபடி ஆச்சு.

ஜெயிச்சாச்சுன்னு நாங்க நினைச்சோம். ஆனா ஆர்டர் வந்தா மட்டும் யாரும் வந்து வீட்டை காலி பண்ணித் தர மாட்டாங்க, அதை நிறைவேத்தித் தரச் சொல்லி இ.பி.ன்னு தனியா ஒரு மனு போடணும், கோர்ட் அதை ஏத்துக்கிட்டு அதுக்கு நம்பர் ஆகணும், அப்புறம்தான் அமீனா (உத்தரவை நேர்ல வந்து நிறைவேத்தற கோர்ட் ஊழியர்) வருவார். எங்க வக்கீல் அதுக்கு 15,000 வாங்கினார், 2013 ஆரம்பத்துல அம்மாகிட்ட மூணு இடத்துல கையெழுத்தும் வாங்கினார்.

அதுக்கப்புறம் நடந்ததை எழுதவே கை நடுங்குது. கேக்கும்போதெல்லாம் "ஃபைல் ஆயிடுச்சும்மா, அமீனா டேபிள்ல இருக்கு, கொஞ்சம் பொறுத்துக்கோங்க"ன்னு அவரோட குமாஸ்தா சொல்வார், அமீனா பேட்டான்னு 500, போலீஸ் பாதுகாப்பு மனுவுக்குன்னு 2,000, காப்பி எடுக்கன்னு 300, எல்லாம் அம்மா டைரில தேதி போட்டு எழுதி வெச்சிருக்காங்க. நடுவுல எனக்கு கல்யாணம், பிரசவம், அப்புறம் கொரோனா, கோர்ட் மூடியிருக்குன்னு ரெண்டு வருஷம் அப்படியே போச்சு. அம்மாவுக்கு முட்டி போய் மாடிப்படி ஏற முடியாம ஆனப்போதான் நான் நேர்ல போய் உட்கார்ந்தேன், இ.பி. நம்பர் சொல்லுங்க சார்னு கேட்டேன். தேடிச் சொல்றேன்னார். மூணு வாரம் தேடினார். 2024 ஜூன்ல சண்டை போட்டு கேஸ் கட்டையே திருப்பி வாங்கிட்டு வந்துட்டேன்.

வீட்டுக்கு வந்து பிரிச்சுப் பார்த்தா அந்த இ.பி. உள்ளேயே இருக்கு. அம்மா கையெழுத்து மூணு இடத்துலயும் அப்படியே இருக்கு. கோர்ட் சீல் கிடையாது, வக்காலத்துல ஸ்டாம்ப் ஒட்டல, மேல "இ.பி. எண்"ன்னு அடிச்சு பக்கத்துல வெறும் கோடு, அப்புறம் "/ 2013". பதினோரு வருஷமா அந்தக் கோட்டுல ஒரு நம்பரும் விழவே இல்ல. அப்பீல் ஆர்டரோட சர்டிஃபைட் காப்பியும் மடிப்பு கலையாம அது கூடவே குத்தியிருந்தது.

புதுசா ஒரு வக்கீல் மேடம்கிட்ட ஓடினோம். அவங்க முதல்ல பார்த்தது அப்பீல் முடிஞ்ச தேதியைத்தான். காலாவதிச் சட்டம் 136வது ஷரத்துப்படி டிகிரியை, அதாவது சிவில் கோர்ட் தீர்ப்பாணையை, நிறைவேத்த 12 வருஷம்தான் டைம், நம்ம மாதிரி வாடகை கேஸ்ல ரென்ட் கன்ட்ரோலர் (அதை விசாரிக்கற அதிகாரி) போடற ஆர்டரையும் சிவில் கோர்ட் ஆர்டர் மாதிரியே நிறைவேத்தணும்னு 1960 வாடகைச் சட்டம் 18வது பிரிவு சொல்லுது, அதனால நமக்கும் அந்தக் கணக்குதான், 2024 செப்டம்பரோட முடியுது, இன்னும் மூணு மாசம்கூட முழுசா இல்லன்னாங்க. எனக்கு வயிறு கலங்கிடுச்சு. அந்த சட்டமே 2019 பிப்ரவரில போய் புதுச் சட்டம் வந்துடுச்சேன்னு கேட்டேன், சட்டம் போனாலும் வாங்கின ஆர்டர் போகாதும்மான்னாங்க. இன்னொன்னும் தெரிஞ்சுக்கோங்க, அப்பீல் நிலுவைல இருந்தா டைம் தானா நின்னுடும்னு நிறைய பேர் நினைக்கறாங்க, அது தப்பு, கோர்ட் ஸ்டே கொடுத்திருந்தா அந்த ஸ்டே இருந்த நாட்களைத்தான் கழிப்பாங்க. எங்களுக்கு அப்பீல்ல முடிவே வந்ததால அந்தத் தேதிலேர்ந்து எண்ண முடிஞ்சுது, இல்லன்னா 2010லேர்ந்தே எண்ணியிருப்பாங்க.

ஆகஸ்ட்ல இ.பி. போட்டு நம்பர் ஆச்சு. ஆனா தாமதத்துக்கான விலையை அப்பவும் கொடுத்தோம். ஆர்டர் ஆகி ரெண்டு வருஷத்துக்குள்ள இ.பி. போட்டிருந்தா நேரா அமீனாவை அனுப்பலாம், ரெண்டு வருஷம் தாண்டினா ஏன் நிறைவேத்தக் கூடாதுன்னு எதிர்த்தரப்புக்கு முதல்ல நோட்டீஸ் போகணுமாம், அந்த நோட்டீஸை வாங்காம அவர் ஆறு மாசம் இழுத்தார். வந்ததும் என்ன சொன்னார் தெரியுமா, அம்மா என்னை இருக்கச் சொல்லிட்டாங்க, 2016ல வாடகை ஏத்தி வாங்கினாங்க, இது புது வாடகை ஒப்பந்தம்னு. அம்மா நோட்டுல "வாடகை வரவு"ன்னு எழுதி கையெழுத்து போட்டதை ஃபோட்டோ எடுத்து வெச்சிருந்தார் மனுஷன்! கோர்ட்டுக்கு வெளிய பேசி முடிச்சதா சொன்னா அதை கோர்ட்ல பதிவு பண்ணியிருக்கணும், பதிவு ஆகாததை இ.பி. கோர்ட் எடுத்துக்காதுன்னு மேடம் வாதாடினாங்க, அது நின்னுச்சு. ஆர்டர் வாங்கின பிறகு அவங்ககிட்ட பணம் வாங்கினா வாடகைன்னு எழுதாதீங்க, இடத்தை உபயோகிச்சதுக்கான நஷ்ட ஈடு, உத்தரவுக்கு பாதகமில்லாமன்னு எழுதி வாங்குங்க.

இ.பி.யை ஆறு மாசத்துல முடிக்கணும்னு சுப்ரீம் கோர்ட் 2021லயே சொல்லியிருக்கு, 2025 மார்ச்ல தமிழ்நாட்டு கேஸ் ஒண்ணுலயே திரும்பவும் சொல்லுச்சு. மேடம் அதை வாய்தாவுக்கு வாய்தா எடுத்துச் சொல்லித்தான் எங்களுக்கு ஓரளவு நகர்ந்துச்சு. 2025 ஆகஸ்ட்ல அமீனா வந்து சாவி கொடுத்தார்.

உங்க பேர்ல இ.பி. இருக்குன்னு யாராவது சொன்னா வாய் வார்த்தையை நம்பாதீங்க, ஒவ்வொரு கேஸுக்கும் தனியா இருக்கற 16 இலக்க சி.என்.ஆர். நம்பரைக் கேளுங்க, இ-கோர்ட்ஸ் ஆப்ல நீங்களே போட்டுப் பாருங்க, நம்பர் தரலன்னா பேரைப் போட்டுத் தேடுங்க. ஆஜராகாம தள்ளுபடி ஆகியிருந்தாலும் பதறாதீங்க, 12 வருஷத்துக்குள்ளன்னா புதுசா இன்னொண்ணு போடலாம். ஃபீஸ் கொடுக்க வழியில்லாத பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு, வருமானமே பார்க்க மாட்டாங்க, இது எங்க அம்மாவுக்கு அப்போ யாரும் சொல்லல.

பழைய வக்கீல் மேல கன்ஸ்யூமர் கோர்ட்டுக்குப் போகலாம்னுதான் இருந்தேன், ஆனா வக்கீல் சேவை அந்தச் சட்டத்துல வராதுன்னு சுப்ரீம் கோர்ட் 2024 மே 14ல தீர்ப்பு சொல்லிடுச்சு. அதனால வக்கீல்கள் மேல நடவடிக்கை எடுக்கற பார் கவுன்சில்ல எழுத்துல புகார் கொடுத்திருக்கோம். அம்மா டைரிப் பக்கங்களோட, நம்பர் விழாத அந்த இ.பி. முதல் பக்கத்தையும் ஜெராக்ஸ் எடுத்து சேர்த்திருக்கேன்.