சிறுகோள் தேடல்: தரைத் தொலைநோக்கியா, விண்வெளி அகச்சிவப்புத் தொலைநோக்கியா?

பூமியில் மோதக்கூடிய சிறுகோள்களைத் தேடுவதில் எதற்கு முதலிடம் தர வேண்டும் என்ற விவாதம் எங்கள் வானியல் மன்றத்தில் எழுந்தபோது, நான், பாறைகள் வெளியிடும் வெப்பத்தைக் காணும் விண்வெளி அகச்சிவப்புத் தொலைநோக்கியின் பக்கம் நின்றேன்.

தரைத் தொலைநோக்கிகளின் சாதனையை மறுப்பதற்கில்லை. புவியருகுச் சிறுகோள்களில் மிகப் பெரும்பாலானவற்றை அரிசோனா, ஹவாய் போன்ற இடங்களில் இயங்கும் கருவிகளே கண்டுபிடித்துள்ளன. பழுதானால் அவற்றை நேரில் சென்று சரிசெய்யலாம். பகல் வானம் அவற்றுக்கு எட்டாது என்பது அறிந்த குறைதான்: 2013 பிப்ரவரி 15 அன்று ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகர வானில் வெடித்த, சுமார் 20 மீட்டர் விட்டமுள்ள பாறை சூரியன் இருந்த திசையிலிருந்து வந்ததால் முன்கூட்டியே எவர் கண்ணிலும் படவில்லை.

என் முடிவைத் தீர்மானித்தது அதுவன்று. பாறையின் அளவை அறிவதில் உள்ள வேறுபாடே. தரைத் தொலைநோக்கிகள் பெரும்பாலும் காண்பது பாறை எதிரொளிக்கும் சூரிய ஒளியை. ஆகவே, கரிய பெரிய பாறையும் வெளிறிய சிறிய பாறையும் ஒரே அளவு ஒளிரும் புள்ளிகளாகத் தெரியக்கூடும். 2024 டிசம்பர் 27 அன்று சிலியிலுள்ள அட்லஸ் தொலைநோக்கி கண்டுபிடித்த 2024 ஒய்ஆர்4 என்ற சிறுகோள் இதற்குச் சரியான சான்று. அது 2032இல் பூமியில் மோதும் வாய்ப்பு ஒரு கட்டத்தில் 3 சதவீதத்தைத் தொட்டபோதும், அதன் விட்டம் 40 முதல் 90 மீட்டருக்குள் இருக்கலாம் என்று மட்டுமே சொல்ல முடிந்தது. விட்டத்தில் இரண்டே கால் மடங்கு வேறுபாடு என்றால், அடர்த்தி ஒன்றாக இருக்கும்பட்சத்தில், நிறையிலும் மோதல் ஆற்றலிலும் ஏறத்தாழ 11 மடங்கு வேறுபாடு. எவ்வளவு பரப்பிலிருந்து மக்களை வெளியேற்றுவது என்று முடிவெடுக்க வேண்டியவர்களுக்கு இது மிகக் கொடிய இடைவெளி. பின்னர் விண்வெளியிலுள்ள ஜேம்ஸ் வெப் தொலைநோக்கி அகச்சிவப்பில் அதன் வெப்பத்தை அளந்த பிறகே, விட்டம் சுமார் 60 மீட்டர் என்று தெளிவாயிற்று. பாறை தானே வெளியிடும் வெப்பத்தை அதன் நிறம் பெரிதாக மாற்றுவதில்லை. கரிய பாறையும் அங்கே மறைந்துகொள்ள முடியாது.

சிறுகோள் தேடலுக்கென நாசா உருவாக்கிவரும் நியோ சர்வேயர் என்ற விண்வெளி அகச்சிவப்புத் தொலைநோக்கியின் ஆடி வெறும் 50 சென்டிமீட்டர்தான். ஆயினும், பூமியிலிருந்து சூரியன் பக்கமாக 15 லட்சம் கிலோமீட்டர் தொலைவில் நின்று, சூரியனுக்கு 45 பாகை அருகில் வரை பார்க்கும் வகையில் அது வடிவமைக்கப்பட்டுள்ளது.

வால்மீன்களைப் பற்றி இவ்வளவு உறுதியாகப் பேசத் துணியமாட்டேன். வால்மீனின் திண்மையான நடுப்பகுதியான கருவைச் சூழ்ந்த தூசு அகச்சிவப்பிலும் அளவீட்டைக் குழப்பும். நெடுங்காலச் சுற்றுள்ளவை வெகு தொலைவில் மங்கலாக இருக்கும்போதே பிடிபட வேண்டும். அந்தப் பணிக்கு, சிலியின் ரூபின் வானாய்வகத்தில் உள்ள 8.4 மீட்டர் ஆடி போன்ற பெரிய தரைக் கருவியே பொருத்தம் என எண்ணுகிறேன்.