அதிக ஃபிரேமா, குறைந்த தாமதமா? ஆன்லைன் ஷூட்டர் ஆடுபவர்களுக்கு ஓர் ஒப்பீடு

திரையின் ஓரத்தில் வினாடிக்கு 200 ஃபிரேம், அதாவது 200 படங்கள், என்று காட்டுகிறது. பிங், அதாவது ஆட்டத்தின் சர்வருக்குத் தகவல் போய்வரும் நேரம், 30 மில்லிவினாடிதான். இருந்தும் மவுஸை அசைத்தால் குறி அரை மனதோடுதான் பின்னால் வருகிறது. சுவருக்குப் பின்னால் ஒளிந்த பிறகும் செத்துப்போகிறோம். இதற்குக் கிடைக்கும் அறிவுரைகள் பெரும்பாலும் செலவு வைப்பவை: புது கிராபிக்ஸ் கார்டு வாங்கு, இன்னும் வேகமான இணைப்புக்கு மாறு. அவை தவறு என்று சொல்ல மாட்டேன். ஆனால் பாதிப் பிரச்சினையைத்தான் தொடுகின்றன. வினாடிக்கு எத்தனை ஃபிரேம் வருகிறது என்பது ஒரு கணக்கு. நீங்கள் கிளிக் செய்தது எத்தனை மில்லிவினாடி கழித்துத் திரையிலும் சர்வரிலும் பதிகிறது என்பது வேறு கணக்கு. இரண்டும் கைகோத்துப் போவதும் உண்டு, எதிரெதிராக இழுப்பதும் உண்டு.

இந்தத் தாமதத்தில் பெரும்பங்கு, வேலை நடக்கும் நேரமே இல்லை. முறை வருவதற்காகக் காத்திருக்கும் நேரம். படத்தை வரையும் கிராபிக்ஸ் சிப்பான ஜிபியு முன்னால் ஒரு வரிசை, ரூட்டருக்குள் ஒரு வரிசை, ஆட்டத்துக்குள்ளேயே ஒரு வரிசை. ஆகவே ஒவ்வொரு வழியையும் ஒரே கேள்வியை வைத்துத்தான் எடைபோடப் போகிறேன்: இது வரிசையைக் குறைக்கிறதா, நீட்டுகிறதா, இல்லை எண்ணை மட்டும் அழகாகக் காட்டுகிறதா?

ஃபிரேமை அவிழ்த்துவிடுவதா, வரம்பு வைப்பதா

ஒவ்வொரு ஃபிரேமையும் முதலில் கணினியின் மையச் செயலியான சிபியு தயாரிக்கிறது: உங்கள் மவுஸ் எங்கே இருக்கிறது, எதிரி எங்கே நிற்கிறான் என்றெல்லாம் கணக்குப் போட்டு, வரைய வேண்டியதை ஜிபியுவிடம் ஒப்படைக்கிறது. ஜிபியு மெதுவாக இருந்தால் சிபியு சும்மா நிற்பதில்லை. அடுத்த ஃபிரேமையும், அதற்கடுத்ததையும் தயாரித்து வரிசையில் வைத்துவிடுகிறது. ஜிபியு பயன்பாடு 99 சதவீதத்தில் ஒட்டிக்கொண்டு நிற்கும்போது நடப்பது இதுதான். நீங்கள் திரையில் பார்ப்பது, இரண்டு மூன்று ஃபிரேமுக்கு முந்தைய உங்கள் கையசைவு. ஃபிரேம் எண்ணிக்கை நன்றாக இருந்தும் கனமாகத் தோன்றுவதற்கு இதைவிடப் பொதுவான காரணம் கிடையாது.

இதற்குப் போட்டியிடும் தீர்வுகள் பல. எளியது, ஃபிரேம் வரம்பு. ஜிபியு மூச்சுவிட இடம் கிடைக்கும்படி, அதாவது அதன் பயன்பாடு 90 சதவீதத்தைத் தாண்டாதபடி ஓர் எண்ணில் நிறுத்திவிட்டால் வரிசை சேர்வதே இல்லை. 170க்கும் 200க்கும் நடுவே துள்ளுகிற ஆட்டத்தை 160ல் கட்டினால் எண் குறையும், கை லேசாகும். வரம்பை ஆட்டத்தின் அமைப்புக்குள்ளேயே வைப்பது நல்லது; வெளியிலிருந்து வைக்கும் வரம்புகள் பெரும்பாலும் கொஞ்சம் தாமதத்தைக் கூட்டுகின்றன.

இன்னும் கெட்டிக்காரத்தனமானது, கிராபிக்ஸ் சிப் நிறுவனமான என்விடியா 2020 செப்டம்பரில் கொண்டுவந்த ரிஃப்ளெக்ஸ். இது ஆட்டத்தின் நிரலுக்குள்ளேயே உட்கார்ந்து, ஜிபியு தயாராகும் நேரம் பார்த்துத்தான் சிபியுவை அடுத்த ஃபிரேமைத் தொடங்க விடுகிறது. மவுஸின் நிலை கடைசி நேரத்தில் வாசிக்கப்படுகிறது, வரிசையும் இல்லை, ஃபிரேமையும் பெரிதாக இழப்பதில்லை. கைமுறை வரம்பைவிட இது மேல், ஏனென்றால் புகை குண்டு வெடித்து ஜிபியு திடீரெனத் திணறும் நொடியிலும் அது தன்னைச் சரிசெய்துகொள்கிறது. நீங்கள் வைத்த 160 அப்போது உதவாது. என்விடியா டிரைவரில் இருக்கும் 'லோ லேட்டன்சி மோட்' இதன் ஏழை உறவினர். அது எல்லா ஆட்டங்களிலும் வேலை செய்வதில்லை. ஆட்டத்தில் ரிஃப்ளெக்ஸ் இருந்தால் டிரைவர் அமைப்பை மறந்துவிடலாம்.

போட்டி நிறுவனமான ஏஎம்டி பக்கம் கதை கொஞ்சம் சுவாரசியம். 2023ல் வந்த ஆன்டி-லேக் பிளஸ், ஆட்டத்தின் நிரல் கோப்புகளுக்குள் டிரைவர் வழியாகவே கைவைத்தது. கவுண்டர்-ஸ்ட்ரைக் 2ன் ஏமாற்றுத் தடுப்புக்கு அது ஏமாற்று மென்பொருள்போலத் தெரிய, அப்பாவி ஆட்டக்காரர்கள் தடைசெய்யப்பட்டார்கள். ஏஎம்டி அந்த டிரைவரைத் திரும்பப் பெற்றது. 2024ல் வந்த ஆன்டி-லேக் 2, ரிஃப்ளெக்ஸைப் போலவே ஆட்டத்தை உருவாக்குபவர்களே சேர்க்கும்படி அமைந்தது. கொள்கையளவில் இரண்டும் ஒன்றே. வித்தியாசம் எத்தனை ஆட்டங்களில் கிடைக்கிறது என்பதில்தான், அதில் ரிஃப்ளெக்ஸ் தெளிவாக முன்னால் நிற்கிறது.

அப்ஸ்கேலிங்கும் ஃபிரேம் ஜெனரேஷனும்

இரண்டும் ஒரே பெட்டியில் வருவதால் பலரும் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள். போட்டி ஆட்டத்தில் இவை நேர் எதிரிகள். டிஎல்எஸ்எஸ், எஃப்எஸ்ஆர் போன்ற அப்ஸ்கேலிங் முறைகள் படத்தைச் சிறிதாக வரைந்து பெரிதாக்குகின்றன. ஜிபியுவின் சுமை உண்மையாகவே குறைகிறது, உண்மையான ஃபிரேம்கள் கூடுகின்றன, தாமதம் குறைகிறது. விலை, தூரத்தில் அசையும் தலை சற்று மங்குவது.

ஃபிரேம் ஜெனரேஷன் வேறு. இரண்டு உண்மையான ஃபிரேம்களுக்கு நடுவே ஒன்றைக் கற்பனையாகச் செருக வேண்டுமென்றால், இரண்டாவது ஃபிரேம் வரைந்து முடியும்வரை அதைக் காட்டாமல் பிடித்துவைக்க வேண்டும். 60 ஃபிரேம் 120 ஆகத் தெரியும். கை உணர்வதோ 60க்கும் சற்றுக் கீழே. தனியாக ஆடும் கதை ஆட்டங்களுக்கு அது அருமை. எதிரே இன்னொரு மனிதர் துப்பாக்கியோடு நிற்கும்போது அணைத்து வையுங்கள்.

திரை: வி-சிங்க், மாறும் புதுப்பிப்பு வேகம், எதுவுமில்லை

ஃபிரேம்களைத் திரையின் புதுப்பிப்போடு ஒத்துப்போக வைப்பது வி-சிங்க். அதை மட்டும் போட்டால் படம் கிழியாது, அதாவது இரண்டு ஃபிரேம்களின் பாதிகள் ஒரே நேரத்தில் தெரியாது. ஆனால் திரை தயாராகும்வரை முடிந்த ஃபிரேம்கள் காத்திருக்கின்றன, அதுவும் ஒரு வரிசையே. 60 ஹெர்ட்ஸ் திரையில், அதாவது வினாடிக்கு 60 முறை புதுப்பிக்கும் திரையில், இந்தக் காத்திருப்பு கண்கூடாகத் தெரியும். எதுவுமே இல்லாமல் ஓடவிட்டால் தாமதம் மிகக் குறைவு, படம் கிழியும். ஜி-சிங்க், ஃப்ரீசிங்க் போன்றவை திரையையே ஃபிரேமுக்காகக் காத்திருக்க வைக்கின்றன. ஃபிரேம் எண்ணிக்கை திரையின் உச்சத்துக்கு உள்ளேயே இருக்கும்வரை இது நடுவழி. 144 ஹெர்ட்ஸ் திரையில் 138 அளவில் வரம்பு வைத்தால் உச்சத்தை முட்டி மீண்டும் வி-சிங்க் வரிசையில் விழும் சிக்கல் வராது.

திரை வாங்குவதா, கார்டு வாங்குவதா என்று ஊசலாடுபவர்களுக்கு ஒரு கணக்கு. 60 ஹெர்ட்ஸில் ஒரு புதுப்பிப்புக்கும் அடுத்ததற்கும் 16.7 மில்லிவினாடி இடைவெளி. 144ல் 6.9. 240ல் 4.2. 360ல் 2.8. முதல் தாவலில் கிட்டத்தட்ட 10 மில்லிவினாடி மிச்சம், கடைசித் தாவலில் ஒன்றரைகூட இல்லை. ஆகவே 60ல் இருப்பவருக்குத் திரைதான் முதல் செலவு. 240ல் இருப்பவர் அடுத்ததற்கு ஏங்குவது ஆசை, தேவையில்லை. அப்புறம், புதுத் திரையை மாட்டியதும் விண்டோஸ் அமைப்புக்குள் போய்ப் பாருங்கள்: 144 ஹெர்ட்ஸ் திரையை 60லேயே ஓட்டிக்கொண்டிருப்பவர்கள் நினைப்பதைவிட அதிகம்.

சிபியுவா, ஜிபியுவா

தெரிந்துகொள்ள எளிய சோதனை உண்டு. திரைத் தெளிவைப் பாதியாகக் குறையுங்கள். ஃபிரேம் ஏறினால் தடை ஜிபியு. அசையாமல் நின்றால் சிபியு, அல்லது நினைவகம். போட்டி ஷூட்டர்களைக் குறைந்த கிராபிக்ஸில் ஆடுகிறவர்களுக்குப் பெரும்பாலும் இரண்டாவது விடைதான் கிடைக்கும், அங்கே விலையுயர்ந்த கார்டு வீண். 2022ல் வந்த ஏஎம்டியின் ரைசன் 7 5800எக்ஸ்3டி என்ற சிபியு, சிப்புக்குள்ளேயே இருக்கும் வேகமான நினைவகமான எல்3 கேஷ் 96 மெகாபைட்டோடு, தன்னைவிட அதிக கடிகார வேகம் கொண்ட சிப்களை ஆட்டங்களில் முந்தியதற்குக் காரணம், சிபியு நினைவகத்துக்காகக் காத்திருக்கும் நேரத்தை அது வெட்டியதுதான். பாருங்கள், இங்கேயும் காத்திருப்புதான் பிரச்சினை. காசில்லாமல் இதே திசையில் கொஞ்சம் போக வேண்டுமானால் பயாஸில் (கணினியின் அடிப்படை அமைப்பில்) நினைவகத்தை அதன் முழு வேகத்தில் ஓடவைக்கும் எக்ஸ்எம்பி அல்லது எக்ஸ்போ இயங்குகிறதா, நினைவகம் இரட்டைச் சானலில் இருக்கிறதா என்று பார்க்கலாம். சராசரி ஃபிரேமைவிட 'ஒரு சதவீத லோ' எனப்படும் மோசமான தருணங்களின் எண்ணில் மாற்றம் அதிகம் தெரியும். சண்டையில் நம்மைக் கொல்வது அந்தத் தருணங்களே.

இணைப்பு: அதிக வேகமா, ஒழுங்கான ரூட்டரா

என் பார்வையில் மிக அதிகமாகப் பணம் வீணாவது இங்கேதான். ஒரு ஷூட்டர் ஆட்டம் அனுப்புவதும் பெறுவதும் சொற்பம். வினாடிக்கு ஒன்றிரண்டு மெகாபிட் இருந்தாலே பெரும்பாலானவற்றுக்குப் போதும். 100ல் இருந்து 500 மெகாபிட்டுக்கு மாறினால் ஆட்டத்தைத் தரவிறக்கும் நேரம் குறையும். பிங் குறைய வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

ஆட்டத்தைக் கெடுப்பது ரூட்டருக்குள் சேரும் வரிசை. வீட்டில் யாரோ ஒருவரின் போன், புகைப்படங்களை மேகச் சேமிப்புக்கு ஏற்றத் தொடங்குகிறது. மேலேற்றும் பாதை நிறைகிறது. மோடமும் ரூட்டரும் பாக்கெட்டுகளை, அதாவது தகவலின் சிறு துண்டுகளை, கைவிடாமல் பெரிய பஃபர் என்ற தற்காலிகக் கிடங்கில் குவிக்கின்றன. உங்கள் துப்பாக்கிச் சூட்டைச் சுமக்கும் சின்னஞ்சிறு பாக்கெட் அந்தக் குவியலின் கடைசியில் போய் நிற்கிறது. 30ல் இருந்த பிங் 200, 300 என்று ஏறுகிறது. இதற்கு பஃபர்புளோட் என்று பெயர். வேகச் சோதனை ஓடும்போதே இன்னொரு சன்னலில் பிங் போட்டுப் பாருங்கள். சும்மா இருக்கும்போது 20, சுமையில் 250 என்றால் நோய் உறுதி.

மருந்து, வரிசையை நிர்வகிக்கும் ரூட்டர். கேத்லீன் நிக்கோல்ஸும் வான் ஜேக்கப்சனும் 2012ல் வெளியிட்ட கோடெல் என்ற முறையிலிருந்து வளர்ந்தவை எஃப்க்யூ-கோடெல், கேக் ஆகியவை. ஒவ்வொரு இணைப்பையும் தனி வரிசையாகப் பிரித்து, குறைவாக அனுப்புகிறவர்களை முன்னால் விடுகின்றன. அளவுக்கு மீறிக் காத்திருக்கும் பாக்கெட்டுகளைக் கைவிட்டு, அனுப்புபவரை வேகம் குறைக்கச் செய்கின்றன. ஓப்பன்டபிள்யூஆர்டி என்ற இலவச ரூட்டர் மென்பொருள் ஓடும் ரூட்டர்களில் இவை இலவசமாகவே கிடைக்கும். இணைப்பின் உண்மையான வேகத்தில் 90 சதவீதம் போல அமைத்தால் வரிசை மோடத்தில் சேராமல் ரூட்டரின் கட்டுப்பாட்டுக்குள் வந்துவிடும். அந்த 10 சதவீதத்தை விட்டுக்கொடுக்க மனம் வராதவர்கள்தான் அதிகம் புலம்புகிறார்கள். அட்டைப்பெட்டியில் 'கேமிங்' என்று எழுதி எட்டு ஆன்டெனா நீட்டிக்கொண்டிருக்கும் ரூட்டரில் இந்த வசதி இருக்கும் என்று உத்தரவாதமில்லை. வாங்கும் முன் கேளுங்கள்.

வைஃபையா, கம்பியா என்ற சண்டை சீக்கிரம் முடியும்: கம்பி. வைஃபையில் அலைவரிசை பொதுச்சொத்து. ஒவ்வொரு கருவியும் மற்றவர் பேசவில்லை என்று உறுதிசெய்த பிறகே அனுப்ப முடியும், தோற்றால் மறுபடி அனுப்ப வேண்டும். சராசரி பிங் ஒன்றிரண்டு மில்லிவினாடிதான் கூடும். தொல்லை தருவது ஜிட்டர், அதாவது பாக்கெட்டுகள் ஒரே சீராக வராமல் முன்பின்னாக வருவது. கம்பி இழுக்கவே முடியாது என்றால் 5 அல்லது 6 கிகாஹெர்ட்ஸில், ரூட்டர் இருக்கும் அறையிலேயே ஆடுவது அடுத்தது. வைஃபையை வீடெங்கும் பரப்பக் கம்பியில்லாமல் இணைத்த மெஷ் கருவிகள் ஒவ்வொன்றும் இன்னொரு காத்திருப்பு.

ஆட்டத்துக்குள் இருக்கும் பஃபர்

பலர் தொடாத அமைப்பு இது. வேலரன்ட்டில் 'நெட்வொர்க் பஃபரிங்' என்றும், கவுண்டர்-ஸ்ட்ரைக் 2ல் பாக்கெட் இழப்பைச் சமாளிக்கும் பஃபர் என்றும் வரும். பாக்கெட் தாமதமாகவோ வராமலோ போனால் படம் துள்ளாமலிருக்க, ஆட்டம் வேண்டுமென்றே சிலவற்றைச் சேர்த்துவைத்துக் காட்டுகிறது. கவுண்டர்-ஸ்ட்ரைக் 2 வினாடிக்கு 64 டிக்கில் ஓடுவதால், அதாவது சர்வர் ஆட்டத்தின் நிலையை வினாடிக்கு 64 முறை புதுப்பிப்பதால், ஒரு பாக்கெட் சேர்த்துவைத்தால் சுமார் 15.6 மில்லிவினாடி பின்தங்குகிறீர்கள். இரண்டு என்றால் 31. சுத்தமான கம்பி இணைப்பில் இதைப் பூஜ்ஜியத்தில் வைக்கலாம். வைஃபையில் வைத்தால் எதிரிகள் தாவித்தாவித் தெரிவார்கள். வைஃபையின் உண்மையான விலை இங்கேதான் வெளிப்படுகிறது: ஜிட்டரைச் சமாளிக்க பஃபரைக் கூட்டுகிறீர்கள், பஃபர் உங்களைப் பின்னுக்குத் தள்ளுகிறது.

வேலரன்ட் 2020ல் 128 டிக் சர்வர்களோடு வந்தது, ஒரு டிக் 7.8 மில்லிவினாடி. கவுண்டர்-ஸ்ட்ரைக் 2, 2023ல் 64லேயே நின்றபடி, டிக்குகளுக்கு நடுவே நீங்கள் எப்போது சுட்டீர்கள் என்ற நேரத்தையும் சேர்த்து அனுப்பும் வழியைத் தேர்ந்தது. எது மேல் என்று ஆட்டக்காரர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள். எனக்கு 128 சாய்வு உண்டு. இடைநேரத்தைக் குறித்து அனுப்பினாலும், உலகத்தின் புதிய நிலை நமக்கு வந்துசேர்வது டிக் வேகத்தில்தான். எப்படியும் இது நம் கையில் இல்லை.

நம் கையில் இருப்பது சர்வர் இருக்கும் தூரம். ஒளியிழைக்குள் ஒளி வினாடிக்கு சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடுகிறது; 3,000 கிலோமீட்டர் தள்ளியிருக்கும் சர்வருக்குப் போய்வர 30 மில்லிவினாடிக்குக் கீழே எந்த மந்திரத்தாலும் வராது. பிங் குறைப்பதாக விற்கப்படும் விபிஎன் சேவைகள், உங்கள் இணைய சேவை நிறுவனத்தின் பாதை சுற்றிப் போகிறது என்றால் மட்டும் உதவும். பாதை நேராக இருந்தால் ஒரு நிறுத்தம் கூடுகிறது. பாக்கெட் போகும் பாதையைக் காட்டும் ட்ரேஸ்ரூட் கட்டளையை ஓட்டிப் பார்த்தால் எந்த வகை என்று பெரும்பாலும் தெரிந்துவிடும். ஆட்டத்தில் சர்வர் பகுதியைத் தேர்வுசெய்யும் வசதி இருந்தால், ஆள் சீக்கிரம் சேரட்டும் என்று எல்லாப் பகுதிகளையும் தேர்ந்துவைத்திருப்பவர்கள் அதை இன்றே திறந்து, அருகிலுள்ள ஒன்றிரண்டை மட்டும் விட்டுவைக்கலாம்.