பழைய சிந்த் மாட்யூல் ஒலிக்கு எது சரி: சாம்பிளா, எமுலேஷனா?

பழைய ராக் மாட்யூலின் (விசைப்பலகை இல்லாத, பெட்டி வடிவ சிந்தசைசர்) ஒலியைக் கணினிக்குள் கொண்டுவர இரண்டு வழிகள் உண்டு. சுரம் சுரமாகப் பதிவு செய்து (இதுதான் சாம்பிள்), விசையை அழுத்தினால் அந்தப் பதிவை ஒலிக்கும் சாம்பிளரில் அடுக்கலாம். அல்லது பெட்டிக்குள் நடக்கும் கணக்கையே மென்பொருளாக எழுதும் எமுலேஷனுக்குப் போகலாம். எது பொருந்தும் என்பது அந்தப் பெட்டி ஒலியை எப்படி உண்டாக்குகிறது என்பதைப் பொறுத்தது.

1989-இல் வந்த ஈ-மியூ புரோட்டியஸ்/1-க்கு சாம்பிளே போதும். 4 எம்பி ரோமில் (அழியா நினைவகம்) இருக்கும் ஒலிகள்தான் அதன் சொத்து, ஒலியின் நிறத்தை மாற்றும் ஃபில்டர் கிடையாது. கவனமாகப் பதிவு செய்தால் அநேகமாக முழுசாக வந்துவிடும். ஒரே குறை, இடம். மூன்று அரைச்சுரத்துக்கு ஒன்றாக 20 சுரம், 4 வெலாசிட்டி (விசையை அடிக்கும் வேகம்) அடுக்கு, தலா 10 விநாடி என்று 16 பிட் ஸ்டீரியோவில் எடுத்தால் ஒரே பேட்ச் (ஓர் ஒலி அமைப்பு) சுமார் 140 எம்பி!

யமஹா டிஎக்ஸ்81இசட் (TX81Z, 1987) நேர் எதிர். நான்கு ஆபரேட்டர்களை (அலை உருவாக்கிகள்) வைத்து, ஓர் அலையால் இன்னொன்றை அசைத்து, ஒலியைக் கணக்கிட்டே உருவாக்கும் எஃப்எம் பெட்டி அது. விசையை வேகமாக அடிக்க அடிக்க ஒலியின் நிறமே மாறும். நான்கு அடுக்கு சாம்பிளில் நான்கு நிறம்தான் கிடைக்கும், அடுக்கு தாவும் இடமும் காதில் உறுத்தும். இதற்கு எஃப்எம் எமுலேஷன்தான்.

சிக்கலானது ரோலண்ட் ஜேவி-1080 (1994). அடிப்படை ஒலி ரோம் சாம்பிள்தான். ஆனால் ஒரு பேட்சில் நான்கு டோன்கள் (ஒன்றாகச் சேரும் ஒலி அடுக்குகள்) வரை, ஒவ்வொன்றுக்கும் தனி ஃபில்டர், ஒலியை மெல்ல அசைக்கும் தனி எல்எஃப்ஓ. பேட் (நீண்டு ஒலிக்கும் பின்னணி) ஒலியை அப்படியே சாம்பிள் எடுத்தால் அந்த அசைவு பதிவில் உறைந்துவிடும். பக்கத்து விசைக்குச் சுருதி ஏற்றும்போது அசைவின் வேகமும் ஏறும். மூன்று சுரம் சேர்த்துப் பிடித்தால் மூன்றும் மூன்று வேகத்தில் அலையும். ரிவெர்பையும் (அறை எதிரொலி போன்ற விளைவு) அணைக்காமல் பதிந்திருந்தால் கேட்கவே வேண்டாம், ஒவ்வொரு சுரமும் தன் ரிவெர்பைத் தானே தூக்கிக்கொண்டு வரும்.

டோன்களைத் தனித்தனியாக, ஃபில்டரை முழுக்கத் திறந்து, எல்எஃப்ஓவை நிறுத்திப் பதிவு செய்து, அசைவை கான்டாக்ட் மாதிரியான சாம்பிளரில் மறுபடி கட்டலாம். நல்ல வழிதான், வேலை அதிகம். அப்புறம் சாம்பிளரின் ஃபில்டர் ஜேவியின் ஃபில்டர் ஆகிவிடாது. அதனால் பேட், ஸ்வீப் (மெல்ல நிறம் மாறும் ஒலி) வகைகளுக்கு ரோலண்டே வெளியிட்டிருக்கும் ஜேவி-1080 மென்பொருளைத்தான் எடுப்பேன். டிரம்ஸ், பிளக் (தந்தியை மீட்டியது போன்ற ஒலி) போன்ற குறுகிய ஒலிகளுக்கு என் ஓட்டு சாம்பிளுக்கு: பெட்டியின் அவுட்புட் சர்க்யூட் சேர்க்கும் சாயலும் பதிவில் கூடவே வந்துவிடுகிறது.